ஆகஸ்ட் 19 ஏன் புகைப்பட தினம்? உலகத்துக்கே படம் காட்டிய லூயி டாகேரின் கதை

ஆகஸ்ட் 19 வந்தால் போதும், வாட்ஸ்அப் ஸ்டேட்டஸ் முழுக்க உலக புகைப்பட தின வாழ்த்துகள்தான். அந்தத் தேதி எங்கிருந்து வந்தது?

1839-ல் இதே நாளில் பாரிஸில் ஒரு கூட்டம் நடந்தது. வெள்ளித் தகட்டில் வெளிச்சத்தை வைத்தே படம் பதிக்கும் ரகசியம் அன்றுதான் ஊருக்குச் சொல்லப்பட்டது. அந்த முறைக்குப் பெயர் டாகேரோடைப். கண்டுபிடித்தவர் லூயி டாகேர், அதனால் அவர் பெயரையே வைத்துவிட்டார்கள்.

இந்தப் பெயர் வைத்த விஷயத்தில்தான் கதையே இருக்கு. அந்தப் பெயர்ப் பலகையில் இன்னொருவர் பெயரும் இருந்திருக்க வேண்டும்.

நாடக மேடையிலிருந்து வந்தவர்

டாகேர் விஞ்ஞானி கிடையாது. வேதியியல் படித்தவரும் கிடையாது. 1787 நவம்பர் 18 அன்று பாரிஸுக்குப் பக்கத்தில் கோர்மேய் என்ற ஊரில் பிறந்தார். பிரெஞ்சுப் புரட்சி வெடித்தபோது அவருக்கு இரண்டு வயதுகூட ஆகவில்லை. ஓர்லேயான் நகரில் வளர்ந்தார். பையனுக்கு ஓவியம் நன்றாக வருகிறது என்று ஒரு கட்டடக் கலைஞரிடம் வேலை பழக விட்டார்கள். 1804-ல் பாரிஸுக்கு வந்து, ஓபரா அரங்குக்கு மேடைக் காட்சிகள் வரைந்துகொண்டிருந்த டெகோட்டியிடம் சேர்ந்தார்.

அங்கே அவர் கற்றுக்கொண்டது ஒரு வித்தை. தட்டையான துணியில் வரைந்ததை, பார்ப்பவர் நிஜம் என்று நம்ப வேண்டும். வெளிச்சம் எங்கே விழ வேண்டும், நிழல் எவ்வளவு இருக்க வேண்டும் என்பதுதான் அதில் சூட்சுமம்.

இந்த வித்தையை அவர் தனி பிசினஸாகவே மாற்றினார். 1822 ஜூலையில் பூதோன் என்ற ஓவியருடன் சேர்ந்து பாரிஸில் ‘டயோரமா’ என்ற அரங்கத்தைத் திறந்தார். நம்ம காலத்து ஐமேக்ஸ் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். இருட்டில் ஜனங்கள் உட்கார்ந்திருப்பார்கள். எதிரே சுமார் 22 மீட்டர் அகலம், 14 மீட்டர் உயரத்தில், வெளிச்சம் ஊடுருவும் துணியில் வரைந்த ஓவியம். முன்னாலும் பின்னாலும் இருந்து வெளிச்சத்தைக் கூட்டிக் குறைக்க, காட்சி கண்ணெதிரே மாறும். ஒரு படம் முடிந்ததும் பார்வையாளர்கள் எழ வேண்டியதில்லை. உட்கார்ந்திருக்கும் தளமே சுழன்று அடுத்த படத்தின் முன் கொண்டுபோய் நிறுத்தும்.

1834-ல் அவர் காட்டிய ஒரு காட்சியில் ஆளே இல்லாத தேவாலயம் தெரியும். மெல்ல இருட்டும், விளக்குகள் எரியும், காலியாக இருந்த நாற்காலிகளில் நள்ளிரவுப் பூசைக்கு ஜனங்கள் நிறைந்திருப்பார்கள். எல்லாம் ஒரே துணியில், முன்பக்கம் ஒன்று பின்பக்கம் ஒன்று என வரைந்தது. ஆல்ப்ஸ் மலைக் காட்சி ஒன்றுக்கு ஓவியம் மட்டும் போதாது என்று நிஜமான ஆட்டையே கொண்டுவந்து கட்டினார் மனுஷன்!

இவ்வளவு பெரிய ஓவியங்களைத் தத்ரூபமாக வரைய அவர் பயன்படுத்தியது கேமரா அப்ஸ்க்யூரா என்ற இருட்டுப் பெட்டி. ஒரு பக்கம் லென்ஸ், எதிர்ப்பக்கம் திரை. வெளியே உள்ள தெரு அப்படியே உள்ளே விழும், அதன் மேல் தாளை வைத்து வரைந்துகொள்ளலாம். ஓவியர்களுக்குப் பல நூற்றாண்டுகளாகத் தெரிந்த கருவிதான் இது. பெட்டிக்குள் விழும் அந்தப் படத்தை அங்கேயே பிடித்து வைக்க முடியாதா என்ற கேள்விதான் டாகேரைத் தூங்கவிடவில்லை.

கிராமத்தில் ஒருவர் ஏற்கெனவே பிடித்துவிட்டார்

அந்தக் கேள்விக்குப் பதில் கண்டுபிடித்தவர் பாரிஸில் இல்லை. கிழக்கு பிரான்ஸில், சலோன் நகருக்குப் பக்கத்துக் கிராமத்தில் இருந்தார். பெயர் நிசெஃபோர் நியெப்ஸ். டாகேரைவிட 22 வயது மூத்தவர்.

நியெப்ஸ் எடுத்துக்கொண்ட பொருள் ஒரு வகைத் தார். வெயில் பட்டால் அது இறுகிவிடும், படாத இடத்தில் இளகியே இருக்கும். தகரம் கலந்த உலோகத் தகட்டில் அதைப் பூசி, இருட்டுப் பெட்டிக்குள் வைத்து, மாடி ஜன்னலைப் பார்த்துத் திருப்பினார். பிறகு லாவெண்டர் எண்ணெய் கலந்த திரவத்தால் கழுவ, இறுகாத தார் கரைந்து போய், கூரைகளும் சுவர்களும் மங்கலாகத் தகட்டில் நின்றன. 1826 அல்லது 1827-ல் எடுத்தது என்கிறார்கள். கேமராவில் எடுத்து இன்றைக்கும் மிஞ்சியிருக்கும் முதல் புகைப்படம் அதுதான். குறைந்தது எட்டு மணி நேரம் பெட்டியைத் திறந்து வைத்திருக்க வேண்டியிருந்தது. சில நாட்களே ஆகியிருக்கும் என்று சொல்பவர்களும் உண்டு.

இருவரையும் இணைத்தது ஒரு கடை. பாரிஸில் லென்ஸ் விற்ற ஷெவாலியே குடும்பத்தின் கடையில்தான் இருவருமே சரக்கு வாங்கினார்கள். அந்தக் கடை வழியாகத்தான் டாகேருக்கு நியெப்ஸைப் பற்றித் தெரிய வந்தது. உடனே கடிதம் போட்டார். நியெப்ஸுக்கு முதலில் சந்தேகம், பிடிகொடுக்கவில்லை. 1827-ல் இங்கிலாந்தில் இருந்த அண்ணன் குளோடைப் பார்க்கப் போகும் வழியில் பாரிஸில் டாகேரைச் சந்தித்தார். அந்த அண்ணன் ஓர் என்ஜின் கண்டுபிடிப்பில் குடும்பச் சொத்தைக் கரைத்துக்கொண்டிருந்தவர். நியெப்ஸுக்குப் பணமும் வேண்டும், துணையும் வேண்டும்.

1829 டிசம்பர் 14. பத்து வருடக் கூட்டு ஒப்பந்தத்தில் இருவரும் கையெழுத்துப் போட்டார்கள். அதில் நியெப்ஸ் பெயர் முதலில் வந்தது. கண்டுபிடிப்பைத் தருபவர் அவர், அதை மேம்படுத்தித் தருபவர் டாகேர் என்பதுதான் பேச்சு.

1833 ஜூலையில் நியெப்ஸ் இறந்துவிட்டார். ஒரு காசுகூட இதில் அவர் சம்பாதிக்கவில்லை. ஒப்பந்தப்படி அவர் இடத்துக்கு மகன் இசிடோர் வந்தார்.

பாதரசம் செய்த மாயம்

டாகேர் சும்மா இருக்கவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். நியெப்ஸ் தன் வெள்ளித் தகடுகளில் படம் பளிச்சென்று தெரிய வேண்டும் என்பதற்காக அயோடின் புகையைக் காட்டி வெள்ளியைக் கருக்குவது வழக்கம். டாகேர் இதையே திருப்பிப் போட்டார். வெள்ளியும் அயோடினும் சேர்ந்த அந்தப் படலத்தையே வெளிச்சம் பிடிக்கும் பொருளாக்கினார். தார் வேண்டாம் என்று ஒதுக்கிவிட்டார்.

1835-ல் பெரிய திருப்பம். வெளிச்சம் கொஞ்ச நேரம் பட்ட தகட்டில் கண்ணுக்கு எதுவும் தெரியாது. அதையே சூடான பாதரச ஆவி மேல் காட்டினால், ஒளிந்திருந்த படம் மேலே வரும். பல மணி நேர வேலை சில நிமிடங்களுக்கு இறங்கியது இதனால்தான். அலமாரிக்குள் உடைந்து கிடந்த தெர்மாமீட்டரின் பாதரசம் தானாக இந்த வேலையைச் செய்துவிட்டது என்று ஒரு கதை உலாவுகிறது. கேட்க நல்லாதான் இருக்கு, ஆனால் ஆதாரம் கிடையாது. படம் அதன்பிறகும் வெளிச்சம் பட்டால் கருத்துக்கொண்டே போனது. 1837-ல் சாதாரண உப்புக் கரைசலில் கழுவி அதையும் நிறுத்தினார்.

பிறகு அவர் செய்ததுதான் இன்றுவரை விவாதம். 1837-ல் இசிடோருடன் ஒப்பந்தத்தைத் திருத்தினார். புதிய முறை தன் பெயரில் மட்டும்தான் வெளிவரும், நியெப்ஸின் பழைய முறை தனியாக வெளியாகும் என்றார். இசிடோருக்குப் பிடிக்கவில்லை. ஆனால் கையில் பணம் இல்லை. கையெழுத்துப் போட்டார்.

டாகேர் திருடினாரா? என் பார்வையில் அந்த வார்த்தை அதிகம். பாதரசம், குறைந்த நேரம், துல்லியம் எல்லாம் அவர் உழைப்பு. ஆனால் நியெப்ஸின் கடிதங்களும் அயோடின் புகையும் இல்லாமல் அவர் அந்த இடத்துக்கு வந்திருப்பாரா என்பது சந்தேகம். பணக்கஷ்டத்தில் இருந்த ஒரு மகனிடம் அப்பாவின் பெயரை எடுத்துவிடச் சொல்லி வாங்கிய கையெழுத்து அது. சட்டப்படி சரி, அவ்வளவுதான்.

ஷூ பாலிஷ் போட்டவர்

1838-ல் டாகேர் டயோரமா கட்டட ஜன்னலிலிருந்து பூல்வார் து தாம்ப்ள் என்ற தெருவைப் படம் எடுத்தார். மரங்கள், வீடுகள், புகைபோக்கிகள் எல்லாம் அவ்வளவு தெளிவு. ஆனால் தெரு காலி! குதிரை வண்டியும் ஜனமும் நெரியும் பரபரப்பான தெரு அது. பெட்டி பல நிமிடம் திறந்திருந்ததால், நகர்ந்த எதுவும் தகட்டில் பதியவே இல்லை.

ஓரத்தில் மட்டும் ஓர் ஆள் நிற்கிறார். ஒரு காலைத் தூக்கி வைத்திருக்கிறார். ஷூவுக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டிருக்கிறார், அதனால் அசையாமல் நின்றார். பாலிஷ் போடுபவரும் மங்கலாகத் தெரிகிறார். நமக்குத் தெரிந்தவரை புகைப்படத்தில் விழுந்த முதல் மனிதர்கள் இவர்கள்தான். தங்களை யாரோ படம் எடுக்கிறார்கள் என்பதே அவர்களுக்குத் தெரியாது. பெயர்? யாருக்கும் தெரியாது.

பரிசாகக் கொடுத்த ரகசியம்

கண்டுபிடிப்பை விற்கத்தான் டாகேர் முதலில் பார்த்தார். சந்தா போட்டு வாங்கிக்கொள்ளுங்கள் என்றார். ஆள் வரவில்லை. மேடைக் கலைஞர், மாயம் காட்டுபவர், இதுவும் ஏதோ ஜோடிப்பு என்று நினைத்திருக்கலாம்.

அவரைக் காப்பாற்றியவர் பிரான்சுவா அராகோ. வானியல் விஞ்ஞானி, நாடாளுமன்ற உறுப்பினரும்கூட. 1839 ஜனவரி 7 அன்று அறிவியல் அகாடமியில் இந்தக் கண்டுபிடிப்பைப் பற்றி அறிவித்தார், ஆனால் எப்படிச் செய்வது என்று சொல்லவில்லை. அரசே இதை வாங்கி உலகத்துக்குக் கொடுக்கட்டும் என்பது அவர் யோசனை.

செய்தி இங்கிலாந்துக்குப் போனதும் ஒருவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஹென்றி ஃபாக்ஸ் டால்பட். 1834-லிருந்து காகிதத்தில் இதே மாதிரி முயற்சி செய்து, படங்களை அலமாரியில் வைத்திருந்தவர். அந்த மாதக் கடைசிக்குள் அவசர அவசரமாகத் தன் படங்களை லண்டனில் காட்டினார்.

நடுவில் ஒரு பேரிழப்பு. மார்ச் 8 அன்று டயோரமா தீப்பிடித்து முழுக்க எரிந்துபோனது. அந்த நேரத்தில் டாகேர் அங்கே இல்லை. தந்தி கண்டுபிடித்த சாமுவேல் மோர்ஸ் அப்போது பாரிஸில் இருந்தார். முந்தைய நாள் மோர்ஸ் வந்து டாகேரின் படங்களைப் பார்த்தார், பதிலுக்கு டாகேர் தந்திக் கருவியைப் பார்க்கப் போயிருந்தார். அங்கே இருக்கும்போதே இங்கே எல்லாம் சாம்பல்.

அந்தக் கோடையில் சட்டம் நிறைவேறியது. டாகேருக்கு ஆண்டுக்கு 6000 பிராங்க், இசிடோருக்கு 4000 பிராங்க் வாழ்நாள் ஓய்வூதியம். டாகேருக்கு அதிகம், ஏனென்றால் டயோரமா ரகசியத்தையும் சேர்த்துக் கொடுத்தார். ஆகஸ்ட் 19 அன்று அறிவியல் அகாடமியும் நுண்கலை அகாடமியும் கூடிய கூட்டத்தில் முழு செய்முறையும் வெளியானது. டாகேர் அரங்கில் இருந்தார், பேசியது அராகோ. வெளியே உள்ளே நுழைய முடியாத கூட்டம். அடுத்த சில நாட்களில் லென்ஸ் கடைகளை மொய்த்தார்கள்.

உலகத்துக்கே இலவசம் என்று பிரான்ஸ் பெருமை பேசியது. இங்கேதான் ட்விஸ்ட். ஐந்து நாள் முன்னதாக, ஆகஸ்ட் 14 அன்று, டாகேர் சார்பில் இங்கிலாந்தில் காப்புரிமை வாங்கப்பட்டிருந்தது. ஆக, உலகத்துக்கு இலவசம், இங்கிலாந்துக்குக் காசு!

இதில் இன்னொருவரும் அடிபட்டுப் போனார். இப்போலித் பயார், அரசு ஊழியர். காகிதத்தில் நேரடியாகப் படம் எடுக்கும் சொந்த முறை வைத்திருந்தார். 1839 ஜூனிலேயே அவற்றைக் காட்சிக்கும் வைத்தார். அராகோவோ டாகேருக்கு நெருக்கம், பயாரை அமைதியாக இருக்கச் சொல்லிவிட்டார். பயார் 1840-ல் பழிவாங்கிய விதம் அட்டகாசம். தண்ணீரில் மூழ்கி இறந்த பிணம் போலத் தன்னையே படம் எடுத்து, அரசு டாகேருக்கு அள்ளிக் கொடுத்துத் தன்னைக் கைவிட்டதால் இந்த ஆள் செத்துவிட்டான் என்ற பொருளில் பின்பக்கம் எழுதிவைத்தார். ஆள் அதன்பிறகு பல பத்தாண்டுகள் நன்றாகவே வாழ்ந்தார். புகைப்படத்தை வைத்து முதலில் நாடகம் ஆடியவர் என்ற பெயர் மட்டும் அவருக்குக் கிடைத்தது.

முகம் பார்க்கும் தகடு

செய்முறை லேசானது கிடையாது. வெள்ளி முலாம் பூசிய செம்புத் தகட்டைக் கண்ணாடி மாதிரி மின்னும்வரை தேய்க்க வேண்டும். இருட்டில் அயோடின் ஆவி காட்டினால் பொன் மஞ்சள் நிறம் வரும். கேமராவில் வைத்துப் படம் எடுத்து, பாதரச ஆவியில் காட்டி, கழுவி, உலர்த்தி, கண்ணாடி போட்டு மூட வேண்டும். விரல் பட்டால் படம் அழிந்துவிடும். பாதரச ஆவி விஷம் என்பதைப் பற்றி அன்று யாரும் பெரிதாகக் கவலைப்படவில்லை.

கிடைப்பது ஒரே ஒரு படம். நகல் எடுக்க முடியாது. நேராகப் பார்த்தால் உங்கள் முகம்தான் தெரியும், கொஞ்சம் சாய்த்தால் படத்தில் இருப்பவர் தெரிவார். இடம் வலம் மாறியிருக்கும்.

டாகேர் இதைக் கட்டடங்கள், சிலைகள், காட்சிகளுக்கான கருவியாகத்தான் முதலில் பார்த்தார். அத்தனை நிமிடம் ஒரு மனுஷன் கண் சிமிட்டாமல் உட்கார முடியுமா? ஆனால் ஜனங்கள் கேட்டதோ முகத்தை. 1840-ல் யோசெஃப் பெட்ஸ்வல் வடிவமைத்த புது லென்ஸும், தகட்டுக்கு அயோடினோடு புரோமினும் காட்டும் முறையும் சேர்ந்து நேரத்தை ஒரு நிமிடத்துக்கும் கீழே கொண்டுவந்தன. தலை ஆடாமல் இருக்கப் பின்னால் இரும்புக் கவ்வி வைத்தார்கள். பழைய படங்களில் எல்லாரும் விறைப்பாக இருப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

அதற்கு முன் தன் முகத்தைப் படமாக வைத்துக்கொள்வது பணக்காரர்களுக்கும் பிரபுக்களுக்கும் மட்டுமே. ஓவியருக்குக் காசு கொடுக்க வேண்டும். இப்போது கடைக்காரரும் தையல்காரரும் ஸ்டூடியோ வாசலில் நின்றார்கள். சின்ன உருவப்படம் வரைந்து பிழைத்த ஓவியர்கள் பலர் தூரிகையை வைத்துவிட்டு கேமராவைத் தூக்கினார்கள். குழந்தை இறந்தால் புதைப்பதற்கு முன் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளும் வழக்கம் வந்தது. பல வீடுகளில் அந்தக் குழந்தைக்கு இருந்த ஒரே படம் அதுதான்.

அமெரிக்காவில்தான் இது தீ மாதிரிப் பரவியது. அடிமைத்தனத்திலிருந்து தப்பி வந்த ஃபிரெடெரிக் டக்ளஸ், கறுப்பின மக்களைக் கேலிச்சித்திரமாக வரைந்தவர்களுக்கு எதிராகக் கேமராவை நம்பினார். திரும்பத் திரும்ப ஸ்டூடியோவுக்குப் போய், நிமிர்ந்து உட்கார்ந்து, நேராகப் பார்த்துப் படம் எடுத்துக்கொண்டார். அதே தகடு வேறு கைகளில் வேறு மாதிரியும் பயன்பட்டது. 1850-ல் தெற்கு கரோலினாவில் ரென்டி, டீலியா உள்ளிட்ட அடிமைகளை ஆடை களைய வைத்துப் படம் எடுத்தார்கள். கறுப்பர்கள் தாழ்ந்தவர்கள் என்று நிறுவ ஹார்வர்ட் பேராசிரியர் லூயி அகாசி கேட்ட படங்கள் அவை. ரென்டியின் வழித்தோன்றல் என்று சொல்லும் பெண் ஒருவர் 2019-ல் ஹார்வர்ட் மீது வழக்குத் தொடுத்தார். 2025-ல்தான் அந்தத் தகடுகளை விட்டுக்கொடுக்கப் பல்கலைக்கழகம் சம்மதித்தது. ஷூ பாலிஷ் போட்டவரைப் போலவே இவர்களிடமும் யாரும் அனுமதி கேட்கவில்லை.

நம்ம ஊருக்கு?

இந்தியாவுக்குப் புகைப்படம் சீக்கிரமே வந்துவிட்டது. 1840-லேயே கல்கத்தாவில் கேமரா விளம்பரம் வந்தது. 1856-ல் மெட்ராஸ் புகைப்படச் சங்கம் தொடங்கியது. ஆனால் மதுரையையும் தஞ்சையையும் நமக்கு 1858-ல் பதிந்து தந்த லின்னேயஸ் டிரைப் பயன்படுத்தியது டாகேர் முறை இல்லை, டால்பட் வழி வந்த காகித நெகட்டிவ். அவர் எடுத்த தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டு 21 படங்களை ஒட்டிச் சேர்த்த நீளப் படம். ஒரு நெகட்டிவிலிருந்து எத்தனை பிரதி வேண்டுமானாலும் போடலாம் என்பதால் காலப்போக்கில் அந்த வழிதான் ஜெயித்தது.

கடைசி நாட்கள்

டாகேர் பாரிஸை விட்டு, மார்ன் நதிக்கரையில் உள்ள பிரி என்ற சிற்றூருக்குக் குடிபோனார். புகைப்படத்தில் பெரிதாகப் புதிதாக எதுவும் செய்யவில்லை. பழைய ஆசை விடவில்லை போல. 1842-ல் அந்த ஊர் தேவாலயத்தின் பலிபீடத்துக்குப் பின்னால் ஒரு பெரிய ஓவியம் வரைந்தார். சின்னக் கோயில்தான், ஓவியத்தைப் பார்த்தால் மண்டபம் பின்னால் இன்னும் நீண்டுகொண்டே போவது மாதிரி இருக்கும். அவர் வரைந்த டயோரமாக்களில் மிஞ்சியது அது ஒன்றுதான். இன்றும் அங்கே இருக்கிறது.

1851 ஜூலை 10 அன்று 63 வயதில் இறந்தார். அதே ஆண்டு மார்ச்சில் லண்டனில் ஃபிரெடெரிக் ஸ்காட் ஆர்ச்சர் கண்ணாடியில் நெகட்டிவ் எடுக்கும் முறையை வெளியிட்டிருந்தார். தெளிவும் உண்டு, பிரதியும் போடலாம். பத்து வருடத்துக்குள் டாகேரோடைப் கடைகளிலிருந்து கிட்டத்தட்ட காணாமல் போனது.

1889-ல் ஈபிள் கோபுரம் எழுந்தபோது பிரான்ஸின் 72 அறிஞர்களின் பெயர்களை அதில் பொறித்தார்கள். டாகேர் பெயர் இருக்கிறது. நியெப்ஸ் பெயர் இல்லை.

நியெப்ஸ் எடுத்த அந்த ஜன்னல் படம் என்ன ஆனது? இங்கிலாந்தில் கைமாறிக் கைமாறி, பல பத்தாண்டுகள் யாருக்கும் தெரியாமல் ஒரு பெட்டிக்குள் கிடந்தது. வரலாற்றாசிரியர் ஹெல்முட் கெர்ன்ஷைம் தேடிப் பிடித்து 1952-ல் வெளியே கொண்டுவந்தார். இப்போது அமெரிக்காவில் டெக்சாஸ் பல்கலைக்கழகத்தின் ஹாரி ரான்சம் மையத்தில் இருக்கிறது. சும்மா பார்த்தால் வெறும் தகடு. வெளிச்சம் சரியான கோணத்தில் விழும் இடத்தில் நின்றால் கூரைகள் தெரியும்.